பெட்டிக்குள் பூட்டிய குரல்!

1881, அக்டோபர் மாதம். வாஷிங்டன் நகரத்தின் புகழ்பெற்ற ஸ்மித்சோனியன் நிறுவனத்துக்கு, சீல் வைத்த பெட்டி ஒன்று வந்து சேர்ந்தது. பத்திரமாக வைத்திருக்க வேண்டும், யாரும் திறக்கக்கூடாது என்று ஏற்பாடு. உள்ளே இருந்தது தங்கமா, வைரமா? இரண்டும் இல்லை. ஒரு குரல்!

பெட்டியைக் கொடுத்தவர் லேசுப்பட்ட ஆசாமி இல்லை. டெலிபோன் புகழ் அலெக்ஸாண்டர் கிரஹாம் பெல்! அதற்கு முந்தைய வருடம்தான் பிரெஞ்சு அரசு அவருக்கு 'வோல்டா பரிசு' என்று 50,000 ஃபிராங்க் கொடுத்திருந்தது. பெல் அந்தப் பணத்தில் பங்களா கட்டவில்லை. வாஷிங்டனில் வோல்டா லேபரட்டரியைத் தொடங்கினார். கூட்டாளிகள் இரண்டே பேர். ஒருவர் பெல்லின் ஒன்றுவிட்ட சகோதரர் சிசெஸ்டர் பெல், வேதியியல் நிபுணர். இன்னொருவர், கருவிகள் செய்வதில் கில்லாடியான சார்லஸ் சம்னர் டெய்ன்டர்.

சரி, எதற்கு இத்தனை ரகசியம்? சூடு கண்ட பூனை, சார்! 1876, பிப்ரவரி 14-ம் தேதி டெலிபோனுக்காக பெல்லின் மனு பேட்டன்ட் ஆபீஸுக்குப் போன அதே நாளில், எலிஷா கிரே என்பவரும் அங்கே மனு போட்டிருந்தார். 'யார் முதலில்?' என்ற சண்டை கோர்ட், கேஸ் என்று வருடக்கணக்கில் பெல்லைத் துரத்தியது. இப்போது மூவரும் கை வைத்திருந்ததோ எடிசனின் பிள்ளை மீது! 1877-ல் எடிசன் செய்த ஃபோனோகிராஃப், தகரத் தாளில் ஒலியைப் பதித்தது. கொஞ்ச நேரம் ஓட்டினாலே தாள் கிழிந்துவிடும். எடிசனோ மின்விளக்கு பக்கம் போய்விட்டார். வோல்டா கோஷ்டி தகரத்துக்குப் பதிலாக மெழுகைப் போட்டுப் பார்த்தது. பிரமாதமாக வேலை செய்தது! நாளைக்கு யாராவது வம்புக்கு வந்தால் காட்டுவதற்கு சாட்சி வேண்டாமா? அதற்குத்தான் பெட்டி.

1937-ல்தான் அது திறக்கப்பட்டது. உள்ளே மெழுகு பூசிய ஒரு மெஷின். அதில் பதித்திருந்த வசனத்தில் எடிசனுக்கு ஒரு செல்லக் குத்தல்: 'நான் கிராஃபோஃபோன்... என் அம்மா ஃபோனோகிராஃப்!'

கண்ணாடி, மெழுகு, அட்டை, உலோகம் என்று விதவிதமாக அவர்கள் செய்து பார்த்த சுமார் 200 ஒலிப்பதிவுகள் காலப்போக்கில் ஸ்மித்சோனியனில் சேர்ந்தன. ஆனால், அவற்றை ஓட்ட மெஷின் இல்லை. ஊசியை வைத்தால் மெழுகு பெயர்ந்துவிடும். வருபவர்கள் பார்த்துவிட்டுப் போகலாம், கேட்க முடியாது!

பெல்லுக்கும் முன்னால் பாரீஸில் ஒருவர் இதேபோல ஒரு குரலை விட்டுச் சென்றிருந்தார். பெயர், லியோன் ஸ்காட். அச்சகத்தில் வேலை பார்த்தவர். புகைக்கரி படிந்த காகிதத்தின் மீது ஒரு மெல்லிய முள், பேச்சின் அதிர்வுகளைக் கோடுகளாக வரையும் கருவியை 1857-ல் பேட்டன்ட் செய்தார். எடிசனுக்கு 20 வருடம் முன்னால்! ஆனால், திரும்பக் கேட்கும் எண்ணமே அவருக்கு இல்லை. எழுத்தைப் படிப்பதுபோல ஒலியைக் கண்ணால் படிக்கலாம் என்று நம்பினார். (இதே வழியில் பெல்லும் போயிருக்கிறார். 1874-ல், இறந்துபோன ஒருவரின் நிஜக் காதையே வைத்துக் குரலைக் கோடாக வரைந்து பார்த்தார் மனிதர்!)

எடிசனின் புகழ் பரவியதும் ஸ்காட்டுக்கு நெஞ்சு எரிந்தது. 1878-ல் தன் உரிமையை நிலைநாட்ட ஒரு புத்தகமே எழுதினார். மறுவருடம் இறந்துபோனார். அவர் கொடுத்துவைத்த கரிக் காகிதங்கள் மட்டும் பேட்டன்ட் ஆபீஸிலும் பிரெஞ்சு அறிவியல் அகாடமியிலும் தூங்கின.

எழுப்பியது யார் தெரியுமா? அணுவைவிடச் சின்னத் துகள்களை ஆராயும் ஒரு இயற்பியல்காரர்! கலிபோர்னியாவில் லாரன்ஸ் பெர்க்லி ஆய்வகத்தின் கார்ல் ஹேபர். துகள்களின் பாதையைப் படமெடுத்து அளக்கும் வித்தையை இசைத்தட்டின் பள்ளங்களுக்கும் பிரயோகித்தால் என்ன என்று அவருக்குத் தோன்றியது. தட்டைத் தொடவே வேண்டாம். நுணுக்கமாகப் படமெடுத்து, பள்ளத்தின் மேடு பள்ளங்களை அளந்தால் போதும். கம்ப்யூட்டருக்குள் ஒரு கற்பனை ஊசி ஓடும். குரல் வெளியே வரும்!

பழைய ஒலிகளைத் தேடும் 'ஃபர்ஸ்ட் சவுண்ட்ஸ்' என்ற ஆய்வாளர்கள் குழு, பாரீஸ் போய் ஸ்காட்டின் காகிதங்களைப் படமெடுத்து வந்தது. 2008, மார்ச் மாதம்... 1860, ஏப்ரல் 9-ல் பதிவான ஒரு பிரெஞ்சு நாட்டுப்பாடலின் சில விநாடிகள் கம்ப்யூட்டரில் ஒலித்தன. சின்னப் பெண் பாடுவதுபோல இருந்தது. மறுவருடம்தான் குட்டு உடைந்தது. இரண்டு மடங்கு வேகத்தில் ஓட்டியிருக்கிறார்கள்! குரலோடு சேர்த்து ஸ்காட் பதிந்துவைத்த இசைக்கவையின் அதிர்வைப் பழைய பிரெஞ்சுக் கணக்குப்படி எண்ணியபோதுதான் சரியான வேகம் பிடிபட்டது. வேகத்தைப் பாதியாக்கினால்... நிதானமாகப் பாடும் ஒரு ஆண். ஸ்காட்டேதான் என்கிறார்கள் ஆய்வாளர்கள்!

அடுத்து வோல்டா தட்டுகள். 2011-ல் ஆறு தட்டுகள் வாய் திறந்தன. 2013-ல், 1885 ஏப்ரல் 15 என்று தேதியிட்ட மெழுகு, அட்டைத் தட்டு. நாலரை நிமிடத்துக்கு ஒருவர் எண்களையும் டாலர் கணக்கையும் ஒப்பிக்கிறார். கடைசியில் நிறுத்தி நிதானமாக, சாட்சி சொல்வதுபோல ஒரு வரி: 'என் குரலைக் கேளுங்கள்... அலெக்ஸாண்டர் கிரஹாம் பெல்.'

உலகத்துக்கே டெலிபோனில் பேசச் சொல்லிக்கொடுத்தவரின் குரல் எப்படி இருக்கும் என்பதே அதுவரை யாருக்கும் தெரியாது. அவர் 1922-ல் போய்ச் சேர்ந்துவிட்டார். உயிரோடு இருந்தபோதும் அவர் அருகிலேயே ஒருவருக்கு அந்தக் குரல் தெரியாது. மனைவி மேபல்! 5 வயதில் வந்த காய்ச்சலில் காது கேட்காமல் போனவர். கணவரின் உதட்டைப் பார்த்தே பேச்சைப் புரிந்துகொண்டவர்.

ஒன்றை யோசித்துப் பாருங்கள். 'என் உழைப்பை வேறொருவன் தட்டிக்கொண்டு போய்விடுவானோ' என்ற பயம் இல்லாவிட்டால், பெல் பெட்டிக்கு சீல் வைத்திருக்க மாட்டார். ஸ்காட்டும் கரிக் காகிதங்களை அகாடமியில் சேர்த்திருக்க மாட்டார். அந்த பயம்தான் இரண்டு பேருடைய குரலையும் காப்பாற்றியது. ஆனால், பூட்டி வைத்தவரை அவை வெறும் தட்டு, வெறும் காகிதம். ஃபர்ஸ்ட் சவுண்ட்ஸ் குழுவோ தாங்கள் மீட்ட ஒலிகளை யார் வேண்டுமானாலும் இலவசமாகக் கேட்கலாம் என்று பொதுவில் வைத்துவிட்டது. சண்டை போட்டவர்கள் யாரும் இன்று இல்லை. ஸ்காட் மட்டும் மெதுவாகப் பாடிக்கொண்டிருக்கிறார்!