கப்பலண்டிக் கோழி சூப்

செனகல், காம்பியா, மாலி, கானா, நைஜீரியா முதலிய மேற்கு ஆப்பிரிக்க நாடுகளில் வீட்டுச் சமையலாக வழங்கும் கெட்டியான கோழிச் சாறு. வறுத்த நிலக்கடலையை நீர் விடாமல் அரைத்த விழுதே இதன் உயிர். வெங்காயம், தக்காளி, இஞ்சி, மிளகாய் துணை. பதத்தில் ரசத்துக்கும் குழம்புக்கும் இடைப்பட்டது. திருவனந்தபுரம் வலியசாலையில் குடியிருக்கும் ஒருவர், பக்கத்துச் சாலைக் கம்போளத்தில் கிடைக்கும் பொருள்களைக் கொண்டே இதைச் சமைக்க முடியும் என்பதை ஒட்டி இக்கட்டுரை அமைகிறது.

பெயர்கள்

கானாவின் அக்கான் மக்கள் இதை 'ந்காத்தென்குவான்' என்பர். 'ந்காத்தே' நிலக்கடலை, 'ந்குவான்' சாறு. மாலியின் பம்பாரா மொழியில் 'திகாதெகெனா': திகா கடலை, தெகெ விழுது, னா குழம்பு. ஹவுசா மொழியில் 'மியார் கியடா'. செனகலில் 'மாஃபே', காம்பியாவில் 'தொமொதா'. ஒரே உணவின் ஐந்து பெயர்கள் என்று இவற்றைக் கொள்வது சரியன்று. கானாவில் செய்வது ஒப்பீட்டில் நீர்த்த சாறு. மாஃபே சோற்றின் மேல் ஊற்றும் குழம்பு. அதில் முட்டைக்கோசும் கேரட்டும் மரவள்ளியும் கிடக்கும். தொமொதாவில் பூசணிக்காய் சேரும். சூப் என்ற சொல்லுக்கு அருகில் நிற்பது கானாவின் முறையே ஆதலால், கீழே தரப்படுவதும் அதுவே.

தமிழில் கடலைக்குள்ள பெயர்கள் இன்னும் சுவையானவை. வேர்க்கடலை, நிலக்கடலை என்பவை செடியைப் பார்த்து வைத்த பெயர்கள். தென்னார்க்காட்டு 'மணிலா'வும் அது தேய்ந்து வந்த 'மல்லாட்டை'யும் வந்த வழியைச் சொல்லும் பெயர்கள். இலங்கையில் 'கச்சான்'. திருவனந்தபுரத்தில் 'கப்பலண்டி', அதாவது கப்பலில் வந்த கொட்டை. இந்த ஊர்க் கடையில் 'கடலை' என்று மட்டும் கேட்டால் கறுப்புக் கொண்டைக்கடலையை அளந்து கட்டிவிடுவார்கள். புட்டுக்கு வைக்கும் கடலை அதுதான். ஆகவே கட்டுரையின் தலைப்பும் கப்பலண்டியாயிற்று. முந்திரிக்கொட்டைக்கும் இங்கே 'பறங்கியண்டி' என்றொரு பெயர் உண்டு. ஒன்று வந்த வாகனத்தால் பெயர் பெற்றது, மற்றது கொண்டுவந்த ஆளால்.

கடலையின் வரலாறு

நிலக்கடலை தென்னமெரிக்கச் செடி. தென் பொலிவியாவும் வடமேற்கு அர்ஜென்டினாவும் சேரும் பகுதியில் இரண்டு காட்டினங்கள் கலந்து இது பிறந்தது. அவ்விரு காட்டினங்களின் மரபணுத் தொகுதிகள் 2016-இல் வெளியாயின. பெரு நாட்டின் பழங்குடியினர் இதை எவ்வளவு மதித்தனர் என்பதற்குச் சிபான் கல்லறையில் கிடைத்த கழுத்தணி சான்று. 1987-இல் வால்டர் ஆல்வா அகழ்ந்த அந்த மோச்சே தலைவனின் கல்லறையில், பொன்னாலும் வெள்ளியாலும் கடலைக்காய் வடிவில் செய்த மணிகள் கோத்த மாலை இருந்தது. ஓட்டின் வரிப்பள்ளங்கள்கூடத் தெரியும்படி செய்த வேலை அது.

தாவரவியலார் கணக்கில் இது கொட்டையே அன்று. அவரை, பயறு குடும்பத்தைச் சேர்ந்தது. மஞ்சள் பூ தரைக்கு மேலே பூக்கும். கருவுற்றபின் அடியிலிருந்து விழுது ஒன்று நீண்டு மண்ணுக்குள் புகும். உழவர் 'விழுது இறங்குது' என்பது இதைத்தான். காய் முற்றுவது மண்ணுக்குள். கொத்துக் கடலை, கொடிக் கடலை என இரு பெரும் வகை. கொத்து குறுகிய நாளில் விளையும், கொடி படர்ந்து நாளெடுக்கும். திண்டிவனம் ஆய்வுப் பண்ணையில் தெரிந்தெடுத்த இரகங்கள் 'டி.எம்.வி.' என்றும், விருத்தாசலத்தில் உருவானவை 'வி.ஆர்.ஐ.' என்றும் எண்ணோடு வழங்கும். பருப்பில் கிட்டத்தட்டப் பாதி எண்ணெய், கால் பங்கு புரதம். சூப்புக்குக் கொத்துக் கடலையின் சின்னப் பருப்பே நல்லது. எண்ணெய் விடும் குணம் கூடுதல்.

போர்த்துக்கீசர் 16-ஆம் நூற்றாண்டில் இதைப் பிரேசிலிலிருந்து மேற்கு ஆப்பிரிக்காவுக்குக் கொண்டு சேர்த்தனர். அங்கே இச்செடி வேரூன்ற நாளாகவில்லை. காரணம், மண்ணுக்குள் காய்க்கும் பயறு ஒன்றை அம்மக்கள் முன்னரே அறிந்திருந்தனர். அது பம்பாராப் பயறு. 1352-இல் மாலிக்குப் பயணமான இபன் பதூதா, நிலத்திலிருந்து தோண்டி எடுத்து வறுத்துத் தின்னும் அவரை போன்ற ஒன்றைக் கண்டு, வறுத்த கொண்டைக்கடலையின் சுவை என்று எழுதிவைத்தார். இவர் சில ஆண்டுகளுக்கு முன்புதான் கொல்லத்திலும் மதுரையிலும் தங்கிப் போனவர். கொல்லத்துச் சாப்பாட்டை அறிந்த நாக்கு மாலியில் சுவை பார்த்திருக்கிறது என்பது இக்கட்டுரையாளருக்கு மகிழ்ச்சி தருவது. ஆக, பழைய பயறு வெந்த பானையிலேயே புதிய கடலையும் ஏறியது. பம்பாராப் பயறில் எண்ணெய் குறைவு. புதியதில் அது மிகுதி. சாறு கெட்டிப்பட்டு மேலே எண்ணெய் மிதக்கும் இன்றைய பதம் அப்படித்தான் வாய்த்தது.

அடிமைக் கப்பல்களில் கடலை மறுபடி அட்லாண்டிக்கைக் கடந்தது. அமெரிக்கத் தென்மாநிலங்களில் கடலைக்கு வழங்கும் 'கூபர்' என்ற சொல் கொங்கோ பகுதியின் 'ந்குபா'. அடிமையாகப் பிறந்து வேளாண் அறிஞரான ஜார்ஜ் வாஷிங்டன் கார்வர் 1916-இல் வெளியிட்ட சிறு நூலில் கடலையைச் சமைக்க 105 வழிகள் உண்டு. சூப்பும் அதில் அடங்கும்.

19-ஆம் நூற்றாண்டில் பிரெஞ்சுக்காரர்களுக்கு விளக்கெரிக்க எண்ணெயும் சோப்பும் வேண்டியிருந்தன. செனகல் முழுவதும் கடலைக் காடாயிற்று. 1885-இல் திறந்த டக்கார் – செயின்ட் லூயி இரயில் பாதை பெரிதும் கடலை மூட்டைக்காகவே ஓடியது. மார்செய் துறைமுகத்து எண்ணெய் ஆலைகளில் இரண்டு வகைக் கடலை வந்து இறங்கும்: செனகலிலிருந்து ஓட்டோடு வருவது, புதுச்சேரியிலிருந்து உடைத்த பருப்பாக வருவது. தென்னார்க்காட்டு மல்லாட்டையும் செனகலின் கடலையும் ஒரே செக்கில் அரைபட்டன. ஒன்றன் நாட்டுச் சமையல் மற்றதன் நாட்டுக்கு வரவில்லை என்பதே வியப்பு.

வலியசாலை

கிள்ளியாற்றங்கரைப் பகுதி; காந்தளூர் மகாதேவர் கோயிலும் அதைச் சுற்றிய தமிழ்ப் பிராமணர் தெருக்களும் சேர்ந்தது. பழைய காந்தளூர்ச் சாலை என்ற கல்விக்கூடம் இதுவே என்பர். 866-ஆம் ஆண்டின் ஆய் மன்னன் கருநந்தடக்கன் செப்பேடு, பார்த்திவசேகரபுரத்தில் 95 மாணவருக்குச் சாலை அமைத்ததையும், அதன் ஒழுங்கு காந்தளூரைப் பின்பற்றியது என்பதையும் கூறுகிறது. முதலாம் இராஜராஜன் தன் ஆட்சியின் தொடக்க ஆண்டுகளிலேயே இச்சாலையில் 'கலம் அறுத்த' பெருமையைக் கல்வெட்டுகளில் பொறித்துக்கொண்டான். கலம் என்பது கப்பல் என்பாரும், உண்கலம் என்பாரும் உண்டு. சாப்பாட்டைப் பற்றிய கட்டுரைக்கு உண்கலமே பொருந்துகிறது. கப்பலைத்தான் கப்பலண்டி எடுத்துக்கொண்டதே.

அக்கிரகாரத் தெருக்களில் கோழி ஏறாது. ஆனால் நடை தூரத்தில், 18-ஆம் நூற்றாண்டின் இறுதியில் திவான் ராஜா கேசவதாசர் ஏற்படுத்திய சாலைக் கம்போளம் இருக்கிறது. அதன் தமிழ்ச் சுமைகூலிகளையும் கடைக்காரர்களையும் கதையாக்கியவர், அங்கேயே பாத்திரக் கடை வைத்திருந்த ஆ. மாதவன் (1934–2021). ஜெயமோகனின் 'சோற்றுக் கணக்கு' சிறுகதை சாலைத் தெருக் கோழிப் பொரியலைத் தமிழ் வாசகர் எல்லாருக்கும் பழக்கிவிட்டது.

சூப்போடு கானாவில் உண்பது 'ஃபுஃபூ', அதாவது அவித்த மரவள்ளியையும் நேந்திரம் போன்ற பெருவாழையையும் உரலில் இடித்துத் திரட்டும் உருண்டை. மரவள்ளியை இங்கே மரச்சீனி என்பர். அதைத் திருவிதாங்கூரில் பரப்பியவர் 1880 முதல் 1885 வரை ஆண்ட விசாகம் திருநாள் இராமவர்மா. நகரின் ஸ்ரீகாரியத்தில் 1963-இல் தொடங்கிய மத்திய கிழங்குப் பயிர் ஆராய்ச்சி நிலையம், தேமல் நோயைத் தாங்கும் நைஜீரிய இரகம் ஒன்றைத் தருவித்து 'ஸ்ரீ பத்மநாபா' என்று பெயரிட்டது. ஆப்பிரிக்கக் கிழங்குக்கு அனந்தபுரத்துப் பெருமாள் பெயர் கிடைத்திருக்கிறது. சூப்புக்குத்தான் இன்னும் பெயர் கிடைக்கவில்லை.

சமைக்கும் முறை

ஒரு கிலோ நாட்டுக்கோழிக்குக் கால் கிலோ பச்சைக் கப்பலண்டி. வெங்காயம் பெரிதாக இரண்டு, பழுத்த தக்காளி நான்கு, விரலளவு இஞ்சி. ஆப்பிரிக்கர் போடும் குண்டு மிளகாய்க்குப் பதில் காந்தாரி ஐந்தாறு போதும், காரம் குறையாது.

கடலையைப் போடுமுன் தட்டில் பரப்பிப் பார்க்க வேண்டும். சுருங்கியது, கறுத்தது, பூஞ்சை வாடை அடிப்பது எல்லாம் கழிவு. இதில் சோம்பல் கூடாது. 1960-இல் இங்கிலாந்தில் ஒரு லட்சத்துக்கு மேற்பட்ட வான்கோழிகள் செத்து விழுந்தபோது, காரணம் தீவனத்தில் கலந்த பூஞ்சைக் கடலைப் பிண்ணாக்கு என்று தெரியவந்தது. அஃப்ளாடாக்சின் என்ற நஞ்சு அப்படித்தான் அடையாளம் காணப்பட்டது. கொதிக்க வைத்தாலும் அது போகாது.

இரும்புச் சட்டியில் சிறுதீயில், தோல் படபடவென்று பிரியும்வரை வறுத்து, ஆறியதும் கையால் தேய்த்துச் சுளகில் புடைக்க வேண்டும். பிறகு மிக்ஸி. சட்னி அரைத்த கை தண்ணீரைத் தேடும். ஒரு சொட்டும் விடக்கூடாது. முதலில் பொடியாகும், பிறகு சுவரில் அப்பிக்கொள்ளும், வழித்து வழித்து ஓடவிட்டால் சட்டென்று இளகிப் பளபளக்கும். அதுதான் பதம். இடையிடையே மிக்ஸிக்கு ஓய்வு கொடுக்காவிட்டால் மோட்டார் வாடை வரும்.

கோழியை உப்பு, இஞ்சி, நறுக்கிய பாதி வெங்காயத்தோடு தண்ணீரில்லாமல் மூடி, தன் நீரிலேயே பத்து நிமிடம் புழுங்கவிட வேண்டும். பிறகு ஒன்றரை லிட்டர் நீர் ஊற்றி, தக்காளி, மீதி வெங்காயம், மிளகாய் ஆகியவற்றை முழுசாகவே அதில் போட வேண்டும். அவை குழைந்ததும் கரண்டியால் எடுத்து அரைத்து, வடிகட்டித் திரும்பச் சேர்ப்பது கானாவின் வழக்கம். தாளிப்பு கிடையாது. மல்லி, மஞ்சள், கறிவேப்பிலை எதுவும் இல்லை. கை துறுதுறுக்கும், அடக்கிக்கொள்வதே நல்லது.

கடலை விழுதை நேரே கொட்டினால் கட்டி தட்டும். தனிக் கிண்ணத்தில் வைத்துச் சூடான சாற்றைக் கரண்டி கரண்டியாக விட வேண்டும். முதல் கரண்டிக்கு அது இளகுவதற்குப் பதில் இறுகும். பயப்பட வேண்டாம், மூன்றாவது நான்காவது கரண்டியில் பாலாக இளகிவிடும். பிறகு பானையில் சேர்த்துக் கொதிக்கவிடுவது.

திருவனந்தபுரத்துச் சமையல்காரர் தவறுவது இந்த இடத்தில்தான். தேங்காய்ப்பாலில் பழகிய கை, ஒன்றாம் பால் ஊற்றி நுரைத்ததும் இறக்கிவிடும்; கொதித்தால் திரியும் என்ற பயம். கடலைக்கு நேர்மாறான விதி. அரைமணி நேரமாவது கொதிக்க வேண்டும். வெளிறிய நிறம் மெல்லச் செங்காவியாக மாறி, ஓரத்தில் முதலில் ஒரு சிவப்புப் பொட்டு, பிறகு வட்ட வட்டமாக எண்ணெய் மேலே திரண்டு நிற்கும்வரை பச்சை வாடை போகாது. அதுவரை அடிபிடிக்காமல் துழாவிக்கொண்டிருக்க வேண்டும். ஒரு சொட்டு எண்ணெய்கூட நாம் ஊற்றவில்லை; மேலே நிற்பது அத்தனையும் கடலையும் கோழியும் விட்டது.

கோழி வேண்டாதவர்கள் சேனை, மத்தன், கத்தரிக்காய் போட்டுச் செய்யலாம். மாலியிலும் காய்கறியோடு சமைப்பவர் உண்டு. மரச்சீனியை இடிக்க முடியாதவர்களுக்குக் கானாவிலேயே மாற்று இருக்கிறது: 'ஓமோ துவோ', குழைய வடித்த சோற்றை மசித்துப் பிடித்த உருண்டை. பச்சரிசிச் சோற்றில் அது நன்றாகத் திரளும். இந்த ஊர்க் குத்தரிசியில் திரளாது. கடலை ஒவ்வாமை உள்ளவர்கள் தொடக்கூடாது.

இன்றைய நிலை

பீனட் பட்டர் பாட்டிலில் கிடைப்பதால் அரைக்கும் வேலை குறைந்துவிட்டது. சர்க்கரை சேர்த்தது ஆகாது. மீந்தது மறுநாள் களிபோல இறுகியிருக்கும். வெந்நீர் விட்டு, மறுபடி எண்ணெய் மிதக்கும்வரை சுடவைக்க வேண்டும்.