விருதுநகர் – சிவகாசி வட்டார ஓட்டல், லாட்ஜ் தொழில்

விருதுநகர், சிவகாசி, சாத்தூர், ஸ்ரீவில்லிபுத்தூர், ராஜபாளையம், அருப்புக்கோட்டை ஆகிய ஊர்களில் வெளியூராருக்குத் தங்க இடமும் சாப்பாடும் கொடுக்கும் தொழில். அரசு அறிக்கைகள் இதை விருந்தோம்பல் துறை என்று எழுதுகின்றன. தொழிலில் இருப்பவர்களுக்கு இது 'ஓட்டல் லைன்'. விருதுநகர் மாவட்டத்தில் கடற்கரை கிடையாது. கோடைக்கு ஒதுங்க மலைவாசத்தலமும் கிடையாது. இந்த வட்டாரத்து ஓட்டல் தொழிலை வளர்த்தவர்கள் சுற்றுலாப் பயணிகள் அல்லர். சரக்கு ஏற்றி வந்த வண்டிக்காரர், ஆர்டர் கொடுக்க வந்த வெளிமாநில வியாபாரி, நேர்த்திக்கடன் செலுத்த வந்த குடும்பம் ஆகிய மூவரையும் நம்பியே அது வளர்ந்தது.

உலகக் கணக்கில் இந்தத் தொழிலைப் பெரும்பாலும் சுற்றுலாப் பயணிகளின் எண்ணிக்கையை வைத்தே அளக்கிறார்கள். ஐ.நா. சுற்றுலா அமைப்பின் கணக்குப்படி 2019இல் நாடு விட்டு நாடு போய்த் தங்கியவர்கள் ஏறத்தாழ 146 கோடி. கொரோனா வந்த 2020இல் அது சுமார் 40 கோடிக்கு இறங்கி, 2024இல் மறுபடி 140 கோடியைத் தொட்டது. அந்த அளவுகோலைக் கொண்டுவந்து சிவகாசி பஸ் ஸ்டாண்டுக்கு எதிரே இருக்கும் லாட்ஜை அளந்தால் ஒன்றும் தேறாது. இங்கே அறை எடுப்பவர்களில் வெளிநாட்டவரைத் தேடத்தான் வேண்டும்; அறைகளோ தீபாவளிக்கு முந்திய வாரங்களில் கிடைப்பதில்லை.

பேட்டையும் சத்திரமும்

பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பாளையக்காரர் போர்கள் ஓய்ந்து பாதைகள் பயமற்றுப் போன பிறகு, தெற்கே இருந்து வந்த நாடார் வணிகர்கள் சிவகாசி, விருதுப்பட்டி (இன்றைய விருதுநகர்), சாத்தூர், அருப்புக்கோட்டை, பாளையம்பட்டி, திருமங்கலம் ஆகிய ஊர்களில் வேரூன்றினர். மாட்டுவண்டியில் சரக்கோடு போகிறவர்களுக்கு இரவில் பாதுகாப்பு வேண்டும். அதற்காக ஏற்பட்டதுதான் பேட்டை. சுற்றுச்சுவருக்குள் ஒரு கிணறு, மாடு கட்ட இடம், மூட்டை இறக்கிவைக்க இடம், ஆள் படுக்கத் திண்ணை. வாடகை என்று தனியே ரசீது போடுவதில்லை. வணிகர்கள் தங்கள் வியாபாரத்தின் மீது ஒரு சிறு தொகையை 'மகமை'யாகப் பொது நிதியில் சேர்த்தார்கள். அந்த நிதியை அவர்களுடைய ஊர்ச் சங்கமான உறவின்முறை நிர்வகித்தது. கிணறு வெட்டியதும் கோயில் திருவிழா நடத்தியதும் பிறகு பள்ளிக்கூடம் கட்டியதும் அந்தப் பணமே. விருதுப்பட்டியில் 1889இல் தொடங்கிய சத்திரிய வித்தியாசாலையை வீட்டுக்கு வீடு எடுத்துவைத்த பிடி அரிசியும் தாங்கியது. அந்த ஊரில் 1903இல் பிறந்து அதே பள்ளியில் படித்த காமராஜர், முதலமைச்சராகிப் பள்ளிப் பிள்ளைகளுக்கு மதிய உணவு போட்டதை இதோடு சேர்த்துப் பார்ப்பவர்கள் உண்டு. பார்க்கலாம், தவறில்லை.

பேட்டைக்கு முன்பே இருந்தது சத்திரம். 1689 முதல் 1706 வரை மதுரையை ஆண்ட ராணி மங்கம்மாளின் பெயரால் இன்றும் தென்மாவட்டங்களில் சாலை வழங்குகிறது. மதுரை ரயில் நிலையத்துக்கு எதிரே மங்கம்மாள் சத்திரம் நிற்கிறது. சத்திரம் தருமத்துக்குக் கட்டியது. பேட்டை வியாபாரத்துக்குக் கட்டியது. இந்த வட்டாரத்து லாட்ஜ் பேட்டை வழி வந்தது என்பதே இக்கட்டுரையின் துணிபு.

1876இல் மதுரை – தூத்துக்குடி ரயில் பாதை திறந்ததும் விருதுப்பட்டியின் சந்தை பெருத்தது. பருத்தி, மிளகாய் வற்றல், நிலக்கடலை, எண்ணெய், பருப்பு எல்லாம் அங்கே வந்து விலை பேசப்பட்டன. ஊர் 1923இல் விருதுநகர் ஆனது. 1927இல் தென்காசிக்குப் பிரிந்த பாதை சிவகாசியையும் ஸ்ரீவில்லிபுத்தூரையும் ராஜபாளையத்தையும் ரயிலோடு இணைத்தது. வண்டிமாடு குறைய, பேட்டையின் வேலையும் குறைந்தது. நிலையத்தையும் பஸ் ஸ்டாண்டையும் ஒட்டி 'கிளப்புக் கடை' என்று அழைக்கப்பட்ட சாப்பாட்டுக் கடைகளும், மாடியில் அறைகள் வைத்த லாட்ஜுகளும் எழுந்தன.

எண்ணெய் பரோட்டா

இந்த வட்டாரத்தை வெளியூரில் அறிமுகப்படுத்தும் முதல் பண்டம் விருதுநகர் எண்ணெய் பரோட்டா. பொரிச்ச பரோட்டா என்றும் சொல்வார்கள். எண்ணெய் வியாபாரத்தில் பேர் போன ஊரில் பரோட்டாவும் எண்ணெயில் விழுந்ததில் ஆச்சரியம் இல்லை. பர்மா கடை போன்ற பெயர்கள் ஊரெல்லை தாண்டித் தெரிந்தவை.

மைதாவைப் பிசைந்து, உருட்டி, எண்ணெய் தடவி ஊறப்போடுவது வரை எல்லா ஊர் பரோட்டாவும் ஒன்றுதான். மாஸ்டர் உருண்டையைத் தட்டி, இரண்டு கையாலும் வீசி வீசிக் கண்ணாடி மாதிரி விரித்து, மடித்துச் சுருட்டி வைப்பதிலும் பெரிய மாற்றம் இல்லை. மாற்றம் கல்லில் இருக்கிறது. தட்டைக் கல்லுக்குப் பதிலாக, எண்ணெய் நிற்கும்படி குழிந்த அகன்ற கல். உள்ளங்கை அகலத்துக்குத் தட்டிய பரோட்டாக்கள் அதில் பாதி முங்கியபடி கிடக்கும். அடிப்புறம் பொன்னிறமாகி விளிம்பு மொறுமொறுக்கும்போது திருப்பிப் போட்டு, வெந்ததும் எண்ணெயை வடித்து எடுத்து, அடுக்கி, இரண்டு உள்ளங்கையாலும் பக்கவாட்டில் அடிப்பார்கள். அந்த அடியில்தான் அடுக்கு பிரியும். இலையில் விழுந்ததைப் பிய்த்துப் போட்டு, சால்னாவை மேலே ஊற்றி, அது ஊறுவதற்குள் சாப்பிட வேண்டும். ஊறிவிட்டால் சாதா பரோட்டாவுக்கும் இதற்கும் பேதமில்லை. கூடவே மட்டன் சுக்காவோ காடையோ வரும்.

கல் சூடாவது சாயங்காலம். பகல் முழுக்க மண்டியில் நின்றவரும், கடை எடுத்து வைத்துவிட்டு வருபவரும், மதுரைக்கும் திருநெல்வேலிக்கும் நடுவே நாற்கரச் சாலையை விட்டு இறங்கி வருபவரும் ஒரே பெஞ்சில் உட்காருகிறார்கள். உணவை வைத்தே ஊரைத் தேடி வருவதை உலக ஓட்டல் துறை இப்போது உணவுச் சுற்றுலா என்று தனிப் பிரிவாகவே பேசுகிறது. யூடியூப் வந்தபின் விருதுநகருக்குக் காரில் பரோட்டா சாப்பிடவே வருகிறவர்கள் இருக்கிறார்கள். ஆனால் அவர்கள் தங்குவதில்லை. கை கழுவிவிட்டுக் கிளம்பிவிடுகிறார்கள். பரோட்டாக் கடைக்கு வந்த புகழ் லாட்ஜுக்கு வாடகையாக மாறவில்லை.

சாத்தூர் காராச்சேவும் வெள்ளரிப் பிஞ்சும், பாலும் சர்க்கரையும் மட்டும் சேர்த்துக் கிண்டும் ஸ்ரீவில்லிபுத்தூர் பால்கோவாவும் இந்த வரிசையில் வருபவை. பால்கோவாவுக்கு 2019இல் புவிசார் குறியீடு கிடைத்தது. இவை வழிப்போக்கர் வாங்கிப் போகும் பண்டங்கள். உட்கார்ந்து சாப்பிடும் கடைக்கு இவற்றால் பெரிய வேலை இல்லை.

சிவகாசியின் சீசன்

1920களின் தொடக்கத்தில் அய்ய நாடாரும் சண்முக நாடாரும் கல்கத்தாவுக்குப் போய்த் தீப்பெட்டித் தொழில் கற்றுத் திரும்பியதில் தொடங்குகிறது சிவகாசியின் கதை. தீப்பெட்டி, அதன்மேல் ஒட்ட லேபிள், லேபிளுக்காக அச்சகம், பிறகு பட்டாசு. மழை குறைந்த வறண்ட வானிலை மூன்றுக்கும் தோதாக இருந்தது. இந்தியாவில் வெடிக்கும் பட்டாசில் பெரும்பங்கு, பொதுவாகச் சொல்லப்படும் கணக்கில் 90 சதவீதம், இந்த வட்டாரத்தில் செய்யப்படுவது.

பட்டாசு ஆலைகள் ஊருக்கு வெளியே பொட்டல் காட்டில் தள்ளித் தள்ளி இருப்பவை. வடமாநில ஏஜென்ட் ஆலையில் தங்க முடியாது. ஊருக்குள்தான் அறை எடுத்தாக வேண்டும். காலண்டர் வியாபாரத்துக்கு ஆடிப் பதினெட்டு முக்கியமான நாள். அன்றுதான் அடுத்த ஆண்டுக் காலண்டர் ஆல்பங்களை அச்சகங்கள் வெளியிடுகின்றன, அதையொட்டி முகவர்கள் வந்து இறங்குகிறார்கள். அந்தக் கூட்டம் கலைவதற்குள் பட்டாசுக் கூட்டம் தொடங்கிவிடும்.

இந்த வட்டார லாட்ஜில் அறை பிடிப்பது பெரும்பாலும் போனில் நடக்கும் காரியம். ஏஜென்ட் ஆலை முதலாளிக்கோ மேனேஜருக்கோ சொல்வார், அவர் லாட்ஜுக்குச் சொல்வார். ஆர்டர் கொடுக்க வந்தவரை உள்ளூர் முதலாளி நடத்துகிற விதத்தில் வாடகையை யார் கொடுப்பது என்பதும் அடக்கம். அறை பதிவு செய்யும் வெளியூர் ஆப்புக்கு இந்த உறவில் இடம் குறைவு. காலை டிபன் இட்லி, பொங்கல் என்று இருந்தாலும், வட இந்தியர் வருகையால் ரொட்டி, பருப்பு, பன்னீர் வகைகளும் வெங்காயம், பூண்டு இல்லாத சமையலும் சிவகாசி ஓட்டல் அடுப்புக்குப் பழகியவை.

தீபாவளிக்கு ஒரு மாதம் இருக்கும்போது வருவது வேறு கூட்டம். ஆலை விலைக்குப் பட்டாசு வாங்க மதுரை, கோவை, சென்னை, கேரளம் என்று குடும்பம் குடும்பமாக வருகிறார்கள். ரயிலில் பட்டாசு கொண்டுபோவது ரயில்வே சட்டப்படி குற்றம், பஸ்ஸிலும் ஏற்றமாட்டார்கள். ஆகவே கூட்டம் காரில் வருகிறது. சாத்தூர் சாலையிலும் விருதுநகர் சாலையிலும் வரிசையாக நிற்கும் பட்டாசுக் கடைகளுக்கு நடுவே, நிழலும் கார் நிறுத்த இடமும் கழிப்பறையும் உள்ள ஓட்டல் பிழைத்துக்கொள்கிறது. சாப்பாட்டு ருசி அதற்கடுத்ததுதான்.

இப்படி ஒரே தொழிலைப் பற்றிக்கொண்டு நிற்பதன் ஆபத்தை 2018 காட்டியது. அந்த ஆண்டு அக்டோபர் 23இல் உச்ச நீதிமன்றம் பேரியம் சேர்ந்த பட்டாசுக்கும் சரவெடிக்கும் தடை விதித்து, வெடிக்கும் நேரத்தையும் சுருக்கியது. பட்டாசுக்கு ஆன்லைன் விற்பனை கூடாது என்றது. எதிர்ப்புத் தெரிவித்து ஆலைகள் பல மாதம் மூடிக் கிடந்தன. ஆலை மூடினால் ஏஜென்ட் வரமாட்டார், ஏஜென்ட் வராவிட்டால் அறைச் சாவி பலகையில் தொங்கும்.

கோயில் கூட்டம்

விருதுநகர் பராசக்தி மாரியம்மன் கோயில் பங்குனிப் பொங்கல், சிவகாசி பத்ரகாளியம்மன் கோயில் சித்திரைப் பொங்கல், இருக்கன்குடி மாரியம்மன் கோயில் ஆடிக் கடைசி வெள்ளி, ஸ்ரீவில்லிபுத்தூர் ஆண்டாள் கோயில் ஆடிப்பூரத் தேர். இந்த நாட்களில் ஊர்கள் கொள்ளாது. ஆனால் இருக்கன்குடிக்கு வருகிறவர்கள் அறை கேட்பதில்லை. வண்டியிலேயே அரிசி, பாத்திரம், ஆடு சகிதம் வந்து, ஆற்றங்கரையில் அடுப்பு மூட்டிப் பொங்கல் வைத்து, அங்கேயே படுத்துப் போகிறார்கள். சதுரகிரி மலைக் கோயிலுக்கு அமாவாசை, பௌர்ணமியில் ஏறுகிறவர்களுக்குத் தாணிப்பாறை அடிவாரம்தான் தங்குமிடம். 2015 மே மாதம் காட்டாற்று வெள்ளம் பக்தர்கள் சிலரை அடித்துக்கொண்டு போன பிறகு மலையில் வனத்துறைக் கட்டுப்பாடு இறுகியது.

2020 மார்ச் 25இல் தொடங்கிய ஊரடங்கு பங்குனியில் வந்து விழுந்தது. திருவிழா, கல்யாண முகூர்த்தம், கோடை மூன்றும் ஒன்றாகப் போயின. மண்டபக்காரர்கள் வாங்கிய அட்வான்ஸைத் திருப்ப வேண்டியதாயிற்று. அதிலிருந்து முதலில் எழுந்தது பார்சல்தான்.

வரி, பார்சல், ஆப்

உலக ஓட்டல் பெருநிறுவனங்கள் இப்போது பெரும்பாலும் கட்டடம் கட்டுவதில்லை. அடுத்தவர் கட்டடத்தில் தங்கள் பெயர்ப்பலகையை மாட்டி, நடத்திக் கொடுக்கின்றன. 1919இல் டெக்சாஸில் ஒரு சிறு ஓட்டலை வாங்கித் தொடங்கிய ஹில்டனும், 2016இல் ஸ்டார்வுட்டை விழுங்கிய மாரியட்டும் அந்த வழியில்தான் பெருத்தன. 2008இல் வந்த ஏர்பிஎன்பியிடம் அறையே சொந்தமாகக் கிடையாது. 2013இல் இந்தியாவில் தொடங்கிய ஓயோ, சிறு நகரத்து லாட்ஜுக்கும் சிவப்புப் பலகை மாட்டியது. விருதுநகர் வட்டாரத்தில் கதை தலைகீழ். மனையும் கட்டடமும் நிர்வாகமும் பெரும்பாலும் ஒரே குடும்பத்தின் கையில். ஆப்பில் பெயர் இருக்கும். பழைய வாடிக்கைக்காரர் வந்தால் ஆப்பில் 'அறை இல்லை' என்று காட்டும்.

ஒரு நாளைக்கு 1,000 ரூபாய்க்குக் கீழே வாடகையுள்ள அறைக்கு 2022 ஜூலை வரை ஜி.எஸ்.டி. இல்லை. அந்த மாதம் 18ஆம் தேதி முதல் 12 சதவீதம் வந்தது. இந்த வட்டார லாட்ஜுகளில் கணிசமானவை அந்த வாடகையில் இருந்தவை. 2025 செப்டம்பர் 22 முதல் 7,500 ரூபாய் வரையுள்ள அறைகளுக்கு வரி 5 சதவீதமாகக் குறைந்தது, ஆனால் உள்ளீட்டு வரியைக் கழித்துக்கொள்ளும் வசதி போயிற்று.

2019 ஜனவரி 1இல் தமிழக அரசு ஒருமுறை பயன்படுத்தும் பிளாஸ்டிக்கைத் தடை செய்தது. சால்னாவைக் கவரில் ஊற்றி, காற்றைப் பிடித்து, நூலால் இரண்டு சுற்றுச் சுற்றி முறுக்குவது பரோட்டாக் கடையின் கைத்தொழில்களில் ஒன்று. தடைக்குப் பின் தூக்குவாளியோடு வருகிறவர்களைச் சில கடைகளில் மறுபடி பார்க்க முடிந்தது. கவர் அடியோடு ஒழிந்தது என்று சொல்ல முடியாது. வாழையிலை மட்டும் எந்தச் சட்டமும் கேட்காமல் இருந்தபடி இருக்கிறது.

ஆள் பற்றாக்குறை உலகெங்கும் ஓட்டல்காரர் பாடும் பாட்டு. இங்கே அதற்குக் காரணம் பக்கத்திலேயே இருக்கிறது. பட்டாசு ஆலை, அச்சகம், நூற்பாலை எல்லாம் அதே ஆளைக் கூப்பிடுகின்றன. ஓட்டலில் நிற்கும் நேரம் அதிகம், பரோட்டா மாஸ்டர் கொஞ்சம் பேரெடுத்தால் வெளியூருக்கோ வளைகுடாவுக்கோ போய்விடுகிறார். மேசை துடைக்கவும் தட்டுக் கழுவவும் வடமாநிலத்து இளைஞர்கள் வந்திருக்கிறார்கள். 'இன்னும் கொஞ்சம் சால்னா' என்பதுதான் அவர்கள் முதலில் புரிந்துகொள்ளும் தமிழ்.

2023 மார்ச்சில் அறிவிக்கப்பட்ட பி.எம். மித்ரா ஜவுளிப் பூங்கா விருதுநகருக்கு அருகே இ.குமாரலிங்கபுரத்தில் அமைகிறது. 2022இல் தொடங்கிய வெம்பக்கோட்டை அகழாய்வு பார்வையாளர்களை இழுக்கிறது. 2021இல் அறிவிக்கப்பட்ட ஸ்ரீவில்லிபுத்தூர் – மேகமலை புலிகள் காப்பகம் காட்டோரத்துத் தங்கும் விடுதிகளுக்கு வரம்பு கட்டுகிறது. இவற்றில் ஜவுளிப் பூங்கா ஒன்றுதான் அறை எண்ணிக்கையைக் கூட்டக் கூடியது, அதுவும் வியாபாரிகளுக்கான அறை.

தீபாவளிக்கு முதல் நாள் இரவு பட்டாசுக் கடைகள் கடைசிப் பெட்டியையும் விற்றுவிட்டு மூடும்போது, சாலையோர ஓட்டல்களும் அடுப்பை இறக்குகின்றன. சப்ளையர்களும் மாஸ்டர்களும் போனஸை வாங்கிக்கொண்டு ஊருக்குப் பஸ் ஏறுகிறார்கள். அடுத்த இரண்டு மூன்று நாள் சிவகாசியில் அறை தாராளமாகக் கிடைக்கும், சாப்பாடுதான் கிடைக்காது.