ஆட்டக்களம் தந்த ஆசிரியைகள்

தாம்பரத்திலிருந்து செங்கற்பட்டு நோக்கிச் செல்லும் மின்சார ரயில், வண்டலூரைக் கடந்ததும் ஊரப்பாக்கத்தில் நிற்கிறது. அங்கே வாழும் நண்பர் ஒருவரின் இல்லத்திற்கு அண்மையில் சென்றிருந்தோம். ஏழாம் வகுப்பில் பயிலும் அவருடைய மகள், பள்ளியின் கூடைப்பந்துக் குழுவில் சேர விரும்புகிறாள். தந்தையோ தயங்குகிறார். ஆட்டத்தால் பிழைப்பு உண்டா? நம் பெண் நம் உடையோடு ஆட இயலுமா? ஆடும் வயது கடந்த பின் என்ன செய்வது? இம்மூன்று ஐயங்களை அவர் எம்மிடம் எழுப்பினார். அவை அவர் ஒருவருடைய ஐயங்கள் மட்டுமல்ல. நம் இல்லங்கள் பலவற்றின் ஐயங்கள். ஆதலின் வரலாற்றின் துணைகொண்டு விடை தேட முனைந்தோம்.

கூடைப்பந்து ஓர் ஆசிரியரின் படைப்பு. அமெரிக்காவின் ஸ்பிரிங்ஃபீல்டு நகரில், கிறிஸ்தவ இளைஞர் சங்கத்தின் பயிற்சிப் பள்ளியில் உடற்கல்வி ஆசிரியராக இருந்த ஜேம்ஸ் நெய்ஸ்மித், குளிர்காலத்தில் கூரையின் கீழ் ஆடத்தக்க ஆட்டம் ஒன்றைத் தேடினார். 1891 டிசம்பரில், பழக்கூடைகள் இரண்டைப் பத்தடி உயரத்தில் அறைந்து, பதின்மூன்று விதிகளை எழுதி, பக்கத்திற்கு ஒன்பது பேராகத் தம் மாணவரை ஆடவிட்டார். கூடை மறைந்து வளையம் வந்துவிட்டது. பத்தடி உயரம் மட்டும் இன்றளவும் மாறவில்லை.

மகளிர் ஆட்டத்தின் தொடக்கம் நம் குடும்பத்தினர் கூர்ந்து நோக்கத்தக்கது. ஸ்மித் மகளிர் கல்லூரியின் ஆசிரியை செண்டா பெரன்சன், அடுத்த ஆண்டே இவ்வாட்டத்தைத் தம் மாணவியருக்கு ஏற்ற விதிகளோடு அறிமுகப்படுத்தினார். 1893 மார்ச்சில் அங்கே நடைபெற்ற போட்டியைக் காண ஆடவருக்கு அனுமதி இல்லை. பெண்ணொருத்தி கற்பிக்க, பெண்கள் ஆட, பெண்களே கண்டு களித்த ஆட்டமாகவே அது பிறந்தது. நாணமும் ஆட்டமும் ஒன்றுக்கொன்று பகையல்ல என்பதற்கு இதனினும் பழைய சான்று வேண்டுவதில்லை.

ஸ்பிரிங்ஃபீல்டில் பயின்ற ஹாரி குரோ பக் என்பவர் சென்னைக்கு வந்து, 1920இல் உடற்கல்விக் கல்லூரி ஒன்றை நிறுவினார். இன்று நந்தனத்தில் விளங்கும் ஒய்.எம்.சி.ஏ. உடற்கல்விக் கல்லூரியே அது. ஆட்டம் பிறந்த பள்ளிக்கும் நம் தலைநகருக்கும் உள்ள உறவு இவ்வாறு ஓர் ஆசிரியர் வழியாகவே ஏற்பட்டது.

இனி முதல் ஐயத்திற்கு வருவோம். அமெரிக்காவைப் போல் ஆட்டத்தையே முழுநேரத் தொழிலாகக் கொண்டு வாழும் வாய்ப்பு நம் நாட்டில் மிகக் குறைவு. ஊதியம் தரும் போட்டித் தொடர்கள் தோன்றியிருப்பினும் அவற்றை மட்டும் நம்பி ஒரு குடும்பம் வாழ்ந்துவிட முடியாது. நெடுங்காலமாக நம் ஆட்டக்காரர்களுக்குச் சோறிட்டு வந்தவை ரயில்வே, வங்கிகள், காவல்துறை போன்ற நிறுவனங்களே. விளையாட்டுத் தகுதியால் அவர்கள் அங்கே பணி பெறுகின்றனர். நிறுவனத்தின் அணிக்காக ஆடுகின்றனர். கால் ஓய்ந்த பின்னும் பணியில் தொடர்கின்றனர். ஆட்டம் நேரடியாகச் செல்வம் தருவதில்லை. ஆயின் வாழ்வுக்கு ஒரு வாயிலைத் திறந்துவிடுகிறது.

இதற்குச் சென்னையில் பிறந்த அனிதா பால்துரையின் வாழ்வே சான்று. தென்னக ரயில்வேயில் பணியாற்றிய இப்பெண்மணி, 2000ஆம் ஆண்டு முதல் 2017 வரை இந்திய மகளிர் அணியில் ஆடினார். பத்தொன்பது வயதிலேயே அணித்தலைமை அவரை வந்தடைந்தது. ஆசியக் கூடைப்பந்துப் போட்டிகளில் தொடர்ந்து ஒன்பது முறை களமிறங்கிய முதல் இந்தியப் பெண் அவரே. தேசியப் போட்டிகளில் அவர் ஈட்டிய பதக்கங்கள் முப்பது. 2017 ஜூலையில் பெங்களூரில், அவர் இடம்பெற்ற இந்திய அணி கஜகஸ்தானை 75க்கு 73 என்னும் கணக்கில் வென்று ஆசியாவின் மேற்பிரிவுக்கு உயர்ந்தது. 2021இல் இந்திய அரசு அவருக்குப் பத்மஸ்ரீ விருது வழங்கிச் சிறப்பித்தது.

இவ்விருதினும் நாம் பெரிதாகக் கருதுவது ஒன்றுண்டு. ஆடி முடித்ததும் அவர் களத்தை விட்டு அகன்றுவிடவில்லை. இளம் பெண்களுக்குப் பயிற்சியளிக்கும் பணியை ஏற்றார். பதினெட்டு ஆண்டுகளில் அவர் உடல் கற்றதை இனி வேறு பல உடல்கள் கற்கும்.

ஆயினும் சிறப்பாக ஆடியவரெல்லாம் சிறப்பாகக் கற்பிப்பார் என்று எண்ணிவிடலாகாது. ஆட்டத்தைப் படைத்த நெய்ஸ்மித்தே கான்சாஸ் பல்கலைக்கழகப் பயிற்சியாளராக இருந்தபோது, அவருடைய அணி 55 ஆட்டங்களில் வென்று 60இல் தோற்றது! அவரிடம் ஆடிய மாணவர் ஃபாக் ஆலனோ, பிற்காலத்தில் அதே பல்கலைக்கழகத்தில் 39 பருவங்கள் பயிற்சியாளராக இருந்து பெரும்புகழ் ஈட்டினார். பயிற்றுவித்தல் தனியே கற்க வேண்டிய கலை. அதன் பொருட்டே 1961இல் பாட்டியாலாவில் தேசிய விளையாட்டு நிறுவனம் தோன்றியது. ஊரப்பாக்கத்தாருக்கு அத்துணைத் தொலைவும் செல்ல வேண்டியதில்லை. வண்டலூரிலிருந்து கேளம்பாக்கம் செல்லும் வழியில், மேலக்கோட்டையூரிலேயே தமிழ்நாடு உடற்கல்வியியல் மற்றும் விளையாட்டுப் பல்கலைக்கழகம் இயங்குகிறது.

இரண்டாம் ஐயமே நம் நெஞ்சுக்கு மிக நெருங்கியது. கூடைப்பந்து பிறந்த அதே ஸ்பிரிங்ஃபீல்டில் பிறந்தவர் பில்கீஸ் அப்துல் காதிர் என்னும் முஸ்லிம் பெண். பள்ளி நாட்களில் அவர் குவித்த புள்ளிகள் 3,070. மாசசூசெட்ஸ் மாநிலத்தில் ஆணோ பெண்ணோ அதுவரை எவரும் அத்துணைப் புள்ளிகள் எடுத்ததில்லை. தலையை மறைத்து, கை கால்களை முழுதும் மூடியே அவர் மெம்ஃபிஸ் பல்கலைக்கழக அணியில் ஆடினார். ஆயின் தொழில்முறை ஆட்டத்தில் அடியெடுத்து வைக்க முனைந்தபோது, தலைத்துணியுடன் ஆடலாகாது என்னும் உலகக் கூட்டமைப்பின் விதி குறுக்கே நின்றது. துணியைக் களைவதா, ஆட்டத்தைத் துறப்பதா என்ற நிலையில், அவர் துணியைக் களையவில்லை. 2014இல் இஞ்சியோன் ஆசிய விளையாட்டில் கத்தார் நாட்டு மகளிரும் இதே காரணத்தால் ஆடாமலே களம் விட்டகன்றனர்.

முறையீடுகள் ஓயவில்லை. 2017 மே மாதம் உலகக் கூட்டமைப்பு தன் விதியைத் திருத்தியது. அவ்வாண்டு அக்டோபர் முதல் நாளிலிருந்து தலையை மறைத்து ஆடுவதற்குத் தடையில்லை. பில்கீஸின் தொழில்முறை ஆட்டத்திற்குரிய இளமை அதற்குள் கழிந்துபோயிற்று. எனினும் அவர் மனம் கசந்து ஒதுங்கவில்லை. முஸ்லிம் பள்ளி ஒன்றில் விளையாட்டுப் பொறுப்பேற்றுச் சிறுமியருக்குப் பந்தாடக் கற்பித்தார். தமக்கு மூடப்பட்ட கதவின் வழியே பிறர் பிள்ளைகள் நுழைவதைக் காண்பது எளிய காரியமன்று. அந்தப் பெருந்தன்மைக்கு எப்பதக்கமும் ஈடாகாது.

மூன்றாம் ஐயத்திற்கு விடையும் இங்கேயே கிடைத்துவிடுகிறது. ஆடும் காலம் பத்தாண்டு, மிஞ்சினால் இருபதாண்டு. கற்பிக்கும் காலம் அதனினும் நீண்டது. நம் பெண்மக்களைக் களத்திற்கு அனுப்ப நாம் தயங்குவதற்குப் பெருங்காரணம், அங்கே அவர்களைப் பொறுப்பேற்க ஒரு பெண் இல்லையே என்பதுதான். அந்தப் பெண் வானத்திலிருந்து இறங்கி வரமாட்டாள். இன்று யாரேனும் ஒரு தந்தை தம் மகளை ஆட அனுப்பினால்தான், நாளை நம் பேத்தியருக்குப் பயிற்றுவிக்க ஓர் ஆசிரியை இருப்பாள். எல்லோரும் பயிற்சியாளர் வரட்டும் என்று காத்திருந்தால் எவரும் வரப்போவதில்லை.

வண்டலூரில் 1984இல் கிரசென்ட் பொறியியல் கல்லூரி எழுந்தபோது, கல்விக்கென நம் சமுதாயம் செல்வத்தையும் உழைப்பையும் மனமுவந்து ஈந்தது. அதே மனத்துடன், நம் பள்ளிகளில் சிறுமியருக்கென மதில் சூழ்ந்த ஆட்டக்களம் ஒன்றும், பயிற்சி பெற்ற பெண் ஒருவருக்கு ஊதியமும் ஏற்பாடு செய்வது இயலாத காரியமா என்பதை ஜமாஅத்துப் பெரியோர்கள் சிந்தித்தல் நன்று.

நண்பரிடம் இவற்றையெல்லாம் சொல்லி விடைபெற எழுந்தோம். அவர் உடனே ஒப்புக்கொண்டார் என்று எழுத இயலாது. பள்ளிக்குச் சென்று, அங்கே பயிற்றுவிப்பவர் யார், எந்த நேரத்தில் பயிற்சி, எவ்வுடை என்றெல்லாம் தாமே நேரில் அறிந்து வருவதாகச் சொன்னார். பொறுப்புள்ள தந்தை செய்யத்தக்கது அதுவே. வாயிற்படியில் நின்று கேட்டுக்கொண்டிருந்த சிறுமியின் முகத்தில், பாதி வெற்றி கண்ட மலர்ச்சியை நாம் கண்டோம்.