தொலைக்காட்சியில் மூன்று மாதங்கள்

1950ஆம் ஆண்டு ஜூலை 3ஆம் நாள் நியூயார்க்கைத் தலைமையிடமாகக் கொண்ட டூமாண்ட் தொலைக்காட்சி, புதியதொரு நிகழ்ச்சியை நாடெங்கும் ஒளிபரப்பத் தொடங்கியது. வாரத்தில் மூன்று நாள், ஒவ்வொரு முறையும் 15 நிமிடம். பியானோவின் முன்னமர்ந்து வாசித்தும் பாடியும் நேயர்களை மகிழ்வித்தவர் ஹேசல் ஸ்காட். அமெரிக்கத் தொலைக்காட்சி வலையமைப்பில் தம் பெயரிலேயே நிகழ்ச்சி நடத்திய முதல் கறுப்பினப் பெண்மணி அவரே. அந்நாளையத் திரைப்படங்கள் கறுப்பினப் பெண்டிரைப் பெரும்பாலும் பணிப்பெண்களாகவே காட்டின. அதனை நினைவிற் கொண்டால், அவர் ஒரு கலைஞராக இல்லந்தோறும் நுழைந்தது எத்துணைப் பெரிய மாற்றம் என்பது விளங்கும்.

ஹேசல் 1920இல் டிரினிடாட் தீவின் போர்ட் ஆப் ஸ்பெயின் நகரிற் பிறந்து, நான்கு வயதில் நியூயார்க்குக்குக் கொண்டுவரப்பட்டார். தாயாரும் இசைக் கலைஞர். புகழ்பெற்ற ஜூலியார்ட் இசைப்பள்ளியில் அந்நாளில் 16 வயது நிரம்பியவரையே சேர்த்தனர். ஹேசலுக்கோ வயது எட்டு. ஆயினும், அவர் வாசிக்கக் கேட்ட பேராசிரியர் ஒருவர், தாமே தனியாகக் கற்பிக்க முன்வந்தார். விதியைக் காட்டி அக்குழந்தையைத் திருப்பி அனுப்பாத அவ்வாசிரியரை என்னால் எண்ணாதிருக்க முடியவில்லை.

வெள்ளையரும் கறுப்பரும் ஒருங்கே அமரக்கூடிய 'கஃபே சொசைட்டி' என்னும் இரவு விடுதியில், செவ்வியல் இசையை ஜாஸ் நடைக்கு மாற்றி வாசித்து அவர் பெரும்புகழ் பெற்றார். ஹாலிவுட் அழைத்தபொழுது, பணிப்பெண் வேடம் ஏற்க மறுத்தார். 1943இல் ஒரு படப்பிடிப்பில், கணவரைப் போருக்கு வழியனுப்பும் கறுப்பினப் பெண்களுக்கு அழுக்கேறிய மேலங்கிகள் உடுத்தப்பட்டன. இது கண்டு ஹேசல் மூன்று நாள் வேலை நிறுத்தம் செய்தார். உடை மாற்றப்பட்டது. எனினும், 1945க்குப் பின் ஹாலிவுட் படங்களில் அவரைக் காண முடியவில்லை. இனவாரியாக அவையோரைப் பிரித்து அமர்த்தும் அரங்குகளில் வாசிப்பதில்லை என்பதும் அவர்தம் உறுதி. 1949இல் வாஷிங்டன் மாநிலத்தின் பாஸ்கோ நகர உணவகம் ஒன்று அவருக்கு உணவு பரிமாற மறுத்தது. வழக்குத் தொடுத்து 250 டாலர் இழப்பீடு பெற்றார். தொகை சிறிது, தீர்ப்புப் பெரிது.

இத்தகையவரைக் காலம் விட்டுவைக்கவில்லை. அவரது நிகழ்ச்சி நாடெங்கும் செல்வதற்குச் சில நாள்களுக்கு முன், 1950 ஜூனில், 'ரெட் சேனல்ஸ்' என்னும் நூல் வெளிவந்தது. பொதுவுடைமைச் சார்புடையோர் என 151 பேரை அது பட்டியலிட்டது. ஹேசலும் அதில் ஒருவர். அமெரிக்க விரோதச் செயல்களை ஆராயும் நாடாளுமன்றக் குழுவின் முன் தாமே விரும்பிச் சென்றார். செப்டம்பர் 22ஆம் நாள், தாம் பொதுவுடைமையர் அல்லர் என்று கூறியதோடு நில்லாது, இத்தகைய பட்டியல்களால் கலைஞர் வாழ்வைக் கெடுப்பதையும் கண்டித்தார். அவர் கணவர் ஆடம் கிளேட்டன் பவெல் அதே மன்றத்தின் உறுப்பினர். அதுவும் துணை நிற்கவில்லை. ஒரு வாரத்தில், செப்டம்பர் 29ஆம் நாளோடு நிகழ்ச்சி நிறுத்தப்பட்டது.

பின்னர் அவர் பாரிசுக்குச் சென்று வாழ்ந்தார். 1967இல் தாயகம் திரும்பினார். 1981 அக்டோபர் 2ஆம் நாள், தமது 61ஆம் வயதில், நியூயார்க்கில் மறைந்தார். இரு பியானோக்களை ஒருசேர அவர் வாசிக்கும் 1943ஆம் ஆண்டுத் திரைக்காட்சி இன்றும் காணக் கிடைக்கிறது. அந்த மூன்று மாதத் தொலைக்காட்சி நிகழ்ச்சியிலோ ஒரு பகுதியேனும் எஞ்சியிருப்பதாக அறியப்படவில்லை.