சீராய்வு மனுவின் தள்ளுபடி: ஒரு வரலாற்றுப் பார்வை

ஜீவனாம்ச வழக்குகளுக்காக நீதிமன்றப் படியேறும் குடும்பங்கள் நம் சமுதாயத்திலும் உண்டு. நடுவரின் ஆணையில் மனநிறைவு கொள்ளாதோர் குற்றவியல் சீராய்வு மனுவைத் தாக்கல் செய்கின்றனர். பின்னர் ஒருநாள் 'மனு தள்ளுபடி' என்னும் செய்தி வருகிறது. 'நாம் பொய்யர் என்று நீதிமன்றம் கூறிவிட்டதோ' என அவர்கள் மனமொடிகின்றனர். அச்சொல்லின் பொருளை அறிய, அதன் வரலாற்றைச் சற்றே நோக்குவோம்.

சீராய்வு, மேல்முறையீடு அன்று. மேல்முறையீடு வழக்காடிக்குச் சட்டம் அளித்த உரிமை. சீராய்வோ, கீழ் நீதிமன்றங்களை மேல் நீதிமன்றம் கண்காணிக்கும் கடமை. ஆவணங்களை வரவழைத்து, ஆணை சட்டத்துக்கு உட்பட்டதா, முறையானதா என்று பார்ப்பதே அதன் பணி. மனு ஏதுமின்றி நீதிமன்றம் தானாகவும் இதனைச் செய்யலாம்.

1898ஆம் ஆண்டின் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில், பிழை கண்ட அமர்வு நீதிபதி உயர் நீதிமன்றத்துக்கு அறிக்கை அனுப்ப மட்டுமே இயலும். 1973ஆம் ஆண்டின் சட்டம் அவருக்கே சீராய்வு அதிகாரத்தை வழங்கியது. கூடவே இரு தடைகளையும் விதித்தது. இடைநிலை உத்தரவுகளுக்குச் சீராய்வு இல்லை; அமர்வு நீதிமன்றத்தை ஒருமுறை நாடியவர், அதே குறைக்காக உயர் நீதிமன்றத்தில் மீண்டும் சீராய்வு கோர இயலாது. 2024 ஜூலை முதல் நடைமுறையிலுள்ள புதிய சட்டத்திலும் இவை தொடர்கின்றன.

சீராய்வின் வலிமைக்கு நாமனைவரும் பெயரறிந்த வழக்கொன்று சான்று. இந்தூரைச் சேர்ந்த ஷா பானு மாதம் 500 ரூபாய் கோரி 1978இல் மனுச் செய்தார். 1979இல் நடுவர் விதித்ததோ மாதம் 25 ரூபாய். அவர் சீராய்வு கோரியதன் பேரில், 1980இல் மத்தியப் பிரதேச உயர் நீதிமன்றம் அதனை 179 ரூபாய் 20 காசாக உயர்த்தியது. கணவரின் மேல்முறையீட்டை 1985இல் உச்ச நீதிமன்றம் தள்ளுபடி செய்ததையும், அதன்பின் எழுந்த பெருஞ்சர்ச்சையையும் அனைவரும் அறிவர். இடையில் நின்ற அந்தச் சீராய்வை நினைப்பவர் சிலரே.

இனி, தள்ளுபடிக்கு வருவோம். அது இருவகை. ஆவணங்களை ஆராய்ந்து, தலையிடத் தக்க பிழை இல்லையெனக் கண்டு தள்ளுவது ஒன்று. மனுதாரரோ வழக்கறிஞரோ வரவில்லை என்பதற்காகவே தள்ளுவது மற்றொன்று. முன்னது நீதியின் பாற்பட்டது. பின்னதை உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை.

தில்லியில் மகளை இழந்த தந்தையொருவரின் வழக்கு இதற்குச் சான்று. மருமகன் குடும்பத்தாரை அமர்வு நீதிமன்றம் 1999இல் விடுவித்தது. தந்தையின் சீராய்வு மனு, ஆஜராகாமையால் தள்ளுபடியானது. 2007இல் உச்ச நீதிமன்றம் அதனை நீக்கியது. குற்றவியல் வழக்கை அதன் தகுதியை ஆராய்ந்தே முடிக்க வேண்டும் என்றது. 2008இல் உயர் நீதிமன்றம் தந்தைக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தது. எனினும் 2013இல் உச்ச நீதிமன்றம் குற்றஞ்சாட்டப்பட்டோரை விடுவித்தது. முடிவில் அத்தந்தை வெல்லவில்லை. ஆயினும் அவர் வழக்கு படிக்கப்பட்டு, காரணங்களோடு முடிவுற்றது. தோற்பவருக்கும் நீதிமன்றம் கடன்பட்டிருப்பது இதுவே.

ஆகவே, மனு தள்ளுபடியானால் மனமொடிய வேண்டாம். முதலில் உத்தரவின் நகலைப் பெற்றுப் படிப்போம். காரணங்கள் கூறப்பட்டிருப்பின், தலையிடுமளவு சட்டப்பிழை இல்லை என்பதே அதன் பொருள். நம்மைப் பொய்யர் என்பதன்று. வராமை மட்டுமே காரணமாயின், தாமதமின்றி வழக்கறிஞரை நாடுவோம். சீராய்வு கோருவதற்கான காலவரம்பு 90 நாட்கள் என்பதையும் நினைவிற்கொள்வோம். நீதிமன்றத்தின் கடமை நீதிமன்றத்துக்கு. வாய்தா நாளில் தவறாது சென்று நிற்பது நம் கடமை.