எனியாக்

எனியாக் என்பது அமெரிக்க ஐக்கிய நாடுகளின் பென்சில்வேனியா பல்கலைக்கழகத்தில் இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் உருவாக்கப்பட்டு, 1946 பெப்ரவரியில் பொதுமக்களுக்கு அறிமுகப்படுத்தப்பட்ட மின்னணுக் கணினி ஆகும். எண்முறைத் தொகையீடும் கணிப்பும் செய்யும் மின்னணுப் பொறி என்று பொருள்படும் ஆங்கிலப் பெயரின் முதலெழுத்துச் சுருக்கமே இப்பெயர். ஒரே வேலைக்கென அமைக்கப்படாமல், இணைப்புகளை மாற்றி வெவ்வேறு கணக்குகளுக்குப் பயன்படுத்தக்கூடியதாக இயங்கிய முதல் மின்னணுக் கணினி இதுவாகும். இதனைச் சுருக்கமாக "உலகின் முதல் கணினி" என்று குறிப்பிடுவோர் உண்டு. அது முழுவதும் சரியன்று. காரணம் இக்கட்டுரையின் பிற்பகுதியில் விளக்கப்படுகிறது.

பின்னணி

பீரங்கியை எந்தக் கோணத்தில் உயர்த்தினால் குண்டு எவ்வளவு தொலைவில் விழும் என்பதைக் காட்டும் அட்டவணைகள் போர்க்களத்தில் இன்றியமையாதவை. காற்றின் தடை, வெப்பநிலை, குண்டின் எடை ஆகியவற்றைக் கருத்தில் கொண்டு ஒவ்வொரு பாதையையும் தனித்தனியே கணிக்க வேண்டும். 60 வினாடிகள் பறக்கும் ஒரு குண்டின் பாதையை மேசைக் கணிப்பான் கொண்டு ஒருவர் கணிக்கச் சுமார் 20 மணி நேரம் ஆனது. ஓர் அட்டவணைக்கு இத்தகைய பாதைகள் ஆயிரக்கணக்கில் தேவைப்பட்டன. மேரிலாந்து மாநிலத்தின் அபர்தீனில் இருந்த படைத்துறை எறியியல் ஆய்வகம் இவ்வேலைக்காகக் கணிதம் படித்த பெண்கள் பலரைப் பணியில் அமர்த்தியிருந்தது. அவர்களது பதவியின் பெயரே "கம்ப்யூட்டர்". அக்காலத்தில் அச்சொல் கணக்கிடும் மனிதரைக் குறித்தது; பொறியைக் குறிக்கும் வழக்கம் பின்னர் வந்தது.

பென்சில்வேனியா பல்கலைக்கழகத்தின் மூர் மின்பொறியியல் பள்ளியில் பணியாற்றிய ஜான் மோக்லி, வெற்றிடக் குழல்களைக் கொண்டு இக்கணக்குகளை விரைவாகச் செய்யலாம் என 1942இல் எழுத்து வடிவில் முன்மொழிந்தார். ஆய்வகத்தின் சார்பில் அங்கு பணியாற்றிய ஹெர்மன் கோல்ட்ஸ்டைன் இதனை ஏற்றுப் படைத்துறையிடம் வாதாட, 1943 ஜூனில் ஒப்பந்தம் கையெழுத்தானது. தலைமைப் பொறியாளரான பிரெஸ்பர் எக்கெர்ட்டுக்கு அப்போது வயது 24.

அமைப்பு

எனியாக்கில் சுமார் 18,000 வெற்றிடக் குழல்கள் இருந்தன. அதன் எடை ஏறத்தாழ 27 மெட்ரிக் தொன்; மின்தேவை 150 கிலோவாட்டு. 40 பலகங்கள் ஓர் அறையின் சுவர்களையொட்டி 'ப' வடிவில் நிறுத்தப்பட்டிருந்தன. இன்றைய கணினிகளைப் போல் இரும எண்களை அல்லாமல் பதின்ம எண்களையே இது கையாண்டது. பத்து இலக்க எண் ஒன்றைத் தாங்கும் 20 திரட்டிகள் இருந்தன. திரட்டி என்பது எண்ணைச் சேமிக்கவும், வந்துசேரும் எண்ணை அதனுடன் கூட்டவும் வல்ல அலகு ஆகும். வினாடிக்கு 5,000 கூட்டல்கள் செய்ய முடிந்தது. தரவுகள் துளையட்டைகள் மூலம் உள்ளிடப்பட்டன. விடைகளும் துளையட்டைகளிலேயே வந்தன.

இத்தனை குழல்கள் ஒருங்கே பழுதின்றி இயங்கா என்றே அன்றைய வல்லுநர் பலர் கருதினர். எக்கெர்ட் குழல்களை அவற்றுக்கு விதிக்கப்பட்ட அளவை விடக் குறைந்த மின்னழுத்தத்தில் இயக்கினார். குழல்கள் பெரும்பாலும் சூடேறும்போதும் ஆறும்போதும்தான் பழுதாகின்றன என்பதால், இயன்றவரை பொறியை அணைக்காமலே வைத்திருந்தனர். இதனால் பழுதுகள் ஓரிரு நாட்களுக்கு ஒன்று என்ற அளவுக்குக் குறைந்தன. எனியாக்கை இயக்கியபோது பிலடெல்பியா நகர விளக்குகள் மங்கின என்ற கதை பரவலாக வழங்கினாலும் அது உண்மையன்று.

நிரலாக்கம்

எனியாக்கில் இன்று நாம் பொருள்கொள்ளும் வகையில் நிரல் எழுத இயலாது. ஒரு கணக்கைச் செய்ய வேண்டுமாயின், எந்தத் திரட்டியிலிருந்து எந்தத் திரட்டிக்கு எண் செல்ல வேண்டும், எந்தத் துடிப்பு எந்த அலகைத் தூண்ட வேண்டும் என்பனவற்றைக் கம்பிவடங்களைச் செருகியும் சுவிட்சுகளைத் திருப்பியும் அமைக்க வேண்டும். வேறு கணக்குக்கு மாறுவதென்றால் பொறியையே மறுபடி இணைப்பது போன்றது. கணிப்பு சில வினாடிகளில் முடிய, அதற்கான ஆயத்தம் நாட்கணக்கில் நீண்டது.

இப்பணி கே மெக்நல்ட்டி, பெட்டி ஜென்னிங்ஸ், பெட்டி ஸ்னைடர், மார்லின் வெஸ்கோஃப், ஃபிரான்சஸ் பிலாஸ், ரூத் லிக்டர்மன் ஆகிய அறுவரிடம் ஒப்படைக்கப்பட்டது. அறுவரும் முன்னர் குறிப்பிட்ட கணிப்புப் பணியிலிருந்து தேர்ந்தெடுக்கப்பட்டவர்கள். கையேடு எதுவும் இல்லை. பாதுகாப்பு அனுமதி கிடைக்காததால் தொடக்கத்தில் பொறி இருந்த அறைக்குள்ளும் அவர்கள் செல்ல இயலவில்லை. சுற்று வரைபடங்களை மட்டும் படித்து அதன் இயக்கத்தைக் கற்றுக்கொண்டனர். நிரலை இடையில் நிறுத்திப் பிழை கண்டறியும் முறையும், பழுதான குழலை அடையாளம் காணும் திறனும் இவர்களது பணியின்போது உருவானவை.

1946 பெப்ரவரி 15 அன்று நடைபெற்ற அறிமுக விழாவில், 30 வினாடிகள் பறக்கும் குண்டின் பாதையை எனியாக் 20 வினாடிகளில் கணித்துக் காட்டியது. குண்டு தரையைத் தொடும் முன்பே அது விழும் இடம் தெரிந்துவிட்டது என்று பார்வையாளர்கள் வியந்தனர். அந்த நிரலை அமைத்தவர்கள் ஜென்னிங்சும் ஸ்னைடரும் ஆவர். அன்றிரவு நடந்த விருந்துக்கு அவர்கள் அழைக்கப்படவில்லை. நாளிதழ்கள் பொறியையும் பொறியாளர்களையும் புகழ்ந்தன. பெண்கள் அறுவரும் பல ஆண்டுகள் ஒளிப்படங்களில் பெயரற்றவர்களாகவே இருந்தனர். 1980களில் கேத்தி கிளெய்மன் என்னும் மாணவி, இப்படங்களில் பொறியருகே நிற்கும் பெண்கள் யாரென்று தேடத் தொடங்கிய பின்னரே அவர்களது பங்கு பரவலாகத் தெரியவந்தது.

நினைவகத்தில் நிரல்

எனியாக் முடிவடையும் முன்னரே அதன் குறை வடிவமைப்பாளர்களுக்குத் தெரிந்திருந்தது. நிரலைக் கம்பிகளில் அல்லாமல், தரவுகளைப் போலவே நினைவகத்தில் வைக்கும் எட்வாக் என்ற அடுத்த பொறியை அவர்கள் திட்டமிட்டனர். 1944இல் அக்குழுவுடன் இணைந்த கணிதவியலாளர் ஜான் வான் நியூமன், இக்கருத்தைத் தொகுத்து 1945 ஜூனில் ஓர் அறிக்கையின் வரைவை எழுதினார். கோல்ட்ஸ்டைன் அதனை வான் நியூமனின் பெயரை மட்டும் இட்டுப் பலருக்கும் அனுப்பினார். "வான் நியூமன் கட்டமைப்பு" என்ற பெயர் இவ்வாறே நிலைத்தது. எக்கெர்ட்டும் மோக்லியும் இதனை இறுதிவரை அநீதியாகவே கருதினர். கணிதத் தெளிவுடன் கருத்தை எழுதியவர் வான் நியூமன் என்பதில் ஐயமில்லை. ஆயினும் கூட்டு உழைப்பில் பிறந்த ஒன்றுக்கு ஒருவர் பெயரே வழங்குவது பொருத்தமற்றது.

1948இல் அபர்தீனில் எனியாக்கே இக்கருத்துக்கேற்ப மாற்றப்பட்டது. சார்பு மதிப்புகளை வைத்திருக்கும் சுவிட்சுப் பலகைகளில் கட்டளைகளை எண்களாக அமைத்து, பொறி அவற்றை ஒவ்வொன்றாகப் படித்துச் செய்யுமாறு வடங்கள் நிலையாக இணைக்கப்பட்டன. இதனால் பொறியின் வேகம் சுமார் ஆறில் ஒரு பங்காகக் குறைந்தது. எனினும் புதிய கணக்குக்கு ஆயத்தம் செய்யும் காலம் நாட்களிலிருந்து மணிகளாகச் சுருங்கியதால் இம்மாற்றம் ஆதாயமாகவே அமைந்தது. பொறியின் நேரத்தைச் சிறிது இழந்து மனிதரின் நேரத்தைச் சேமிக்கும் இதே பேரத்தைத்தான் இன்றைய நிரலாக்க மொழிகளும் செய்கின்றன. ஆனால் இக்கட்டளைகளைப் பொறி தானே மாற்றி எழுத இயலாது. மாற்றி எழுதக்கூடிய மின்னணு நினைவகத்தில் வைத்த நிரலை முதலில் இயக்கியது இங்கிலாந்தின் மான்செஸ்டர் பல்கலைக்கழகச் சிறுபொறி ஆகும் (21 ஜூன் 1948).

பயன்பாடு

போருக்காகத் திட்டமிடப்பட்ட எனியாக், போர் முடிந்த பின்னரே ஆயத்தமானது. அதன் முதற்பெரும் கணக்கு, 1945 டிசம்பரில் தொடங்கிய ஐதரசன் குண்டு ஆய்வு தொடர்பானது. 1947இல் அபர்தீனுக்கு மாற்றப்பட்டது. 1949இல் பையின் மதிப்பை 2,037 இலக்கங்கள் வரை கணித்தது. 1950இல் கணினி வழியான முதல் வானிலை முன்கணிப்பு இதில் செய்யப்பட்டது; 24 மணி நேர வானிலையைக் கணிக்க ஏறத்தாழ 24 மணி நேரமே ஆனது. 1955 அக்டோபர் 2 அன்று நிறுத்தப்பட்டது.

"முதல்" யார்?

எக்கெர்ட், மோக்லி ஆகியோருக்கு எனியாக்குக்கான காப்புரிமை 1964இல் வழங்கப்பட்டது. அவ்வுரிமையைக் கொண்டிருந்த ஸ்பெர்ரி ராண்டு நிறுவனத்துக்கும் ஹனிவெல் நிறுவனத்துக்கும் இடையே எழுந்த வழக்கில், நீதிபதி ஏர்ல் லார்சன் 1973 அக்டோபர் 19 அன்று அக்காப்புரிமை செல்லாது எனத் தீர்ப்பளித்தார். அயோவா மாநிலக் கல்லூரியில் ஜான் அட்டனசாப், கிளிஃபர்டு பெரி ஆகியோர் அமைத்த மின்னணுப் பொறியை மோக்லி 1941இல் நேரில் பார்த்திருந்தார் என்பது அதற்கான காரணங்களுள் ஒன்று. ஆனால் அப்பொறி ஒருபடிச் சமன்பாடுகளைத் தீர்க்க மட்டுமே வடிவமைக்கப்பட்டது. செருமனியில் கொன்ராட் சூசு 1941இல் இயக்கிய இசட்3 நிரல்வழி இயங்கியது. ஆனால் மின்னணுவியல் பொறியன்று, உணர்த்திகளால் ஆனது. பிரித்தானியர் 1944இல் இயக்கிய கொலோசசு மின்னணுவியல் பொறி. ஆனால் மறைகுறி உடைப்பதற்கென்றே அமைந்தது. 1970கள் வரை அது மறைபொருளாக இருந்ததால் அவ்வழக்கில் பேசப்படவும் இல்லை.

எனியாக்கின் சில பலகங்கள் பென்சில்வேனியா பல்கலைக்கழகத்தில் இன்றும் காட்சிக்கு வைக்கப்பட்டுள்ளன. அறிமுகத்தின் பொன்விழாவையொட்டி அப்பல்கலைக்கழக மாணவர்கள் எனியாக்கின் முழு அமைப்பையும் 7.44 × 5.29 மில்லிமீட்டர் அளவுள்ள ஒரே சில்லில் மீண்டும் உருவாக்கினர்.