கான்சாகிபின் தாயத்தும் மாயாஜாலப் படங்களும்

1/
போன வாரம் ஓ.பி.யில் ஒரு பெரியவர் வந்திருந்தார். ஊர் கான்சாபுரம். தோள்பட்டை வலி. எக்ஸ்-ரே எடுக்கணும், கையில கட்டியிருக்குற தாயத்தைக் கொஞ்சம் கழட்டுங்க ஐயான்னு சொன்னேன்.

"இதைக் கழட்டினா கான்சாகிபு கதையாயிரும் சார்"ன்னார்.

அன்னைக்குக் கூட்டம் குறைவு. உட்காரச் சொல்லி கதை கேட்டேன். அதைத்தான் எழுதுறேன். கொஞ்சம் நீளமான இழை, பொறுமையா படிங்க.

2/
பெரியவர் சொன்னது இது. கான்சாகிபுவைத் தூக்குல போட்டாங்களாம். கயிறு அறுந்துச்சாம். இரண்டாவது தடவையும் அறுந்துச்சாம். ஏன்னா அவர் தொடைக்குள்ள ஒரு தாயத்தை வச்சுத் தைச்சிருந்தாராம். அது உள்ளே இருக்குற வரைக்கும் சாவு கிடையாது. அந்த ரகசியம் வெளிய வந்து, அதை எடுத்த பிறகுதான் மூணாவது தடவை உயிர் போச்சாம்.

கேட்டதும் எனக்கு ஒரே ஒரு விஷயம்தான் தோணுச்சு. இதை நாம தியேட்டர்ல பார்த்திருக்கோமே!

3/
யோசிச்சுப் பாருங்க. 1951ல வந்த பாதாள பைரவி. எஸ்.வி.ரங்காராவ் நேபாள மந்திரவாதி. அவ்வளவு சக்தியும் தாடியில இருக்கும். கதாநாயகனோட நண்பன் வேஷம் போட்டு உள்ளே புகுந்து, நைசா பேசித் தாடியை எடுக்க வைப்பான். தாடி போச்சு, மந்திரமும் போச்சு.

1964ல வந்த கர்ணன். கவசமும் குண்டலமும் பிறவியிலேயே உடம்போட ஒட்டினது. அது இருக்குற வரைக்கும் கர்ணனைக் கொல்ல முடியாது. இந்திரன் கிழவர் வேஷத்துல வந்து தானமா கேட்டு வாங்கிட்டுப் போவான். சிவாஜி அறுத்துக் கொடுப்பார்.

பாட்டி சொன்ன கதைகள்ல ஏழு கடல், ஏழு மலை தாண்டி ஒரு கிளிக்குள்ள உயிர். ஹாரி பாட்டர்ல வில்லன் தன் உயிரைத் துண்டு துண்டாக்கிப் பொருள்களுக்குள்ள ஒளிச்சு வைப்பான்.

4/
ஆர்தர் ராஜா கதையில எக்ஸ்காலிபர் வாள் எல்லாருக்கும் தெரியும். ஆனா ஒரு டாக்டரா எனக்குப் பிடிச்சது அந்த வாளோட உறை. அதை இடுப்புல கட்டியிருந்தா எவ்வளவு வெட்டுப்பட்டாலும் ரத்தம் போகாது. மெர்லினே வாளைவிட உறைதான் உசத்தின்னு சொல்வார். காயம்பட்டவங்க பலர் ரத்தப்போக்குலதான் சாகுறாங்கன்னு கதை சொன்னவனுக்குத் தெரிஞ்சிருக்கு.

அந்த உறையைத் திருடி ஏரியில வீசினது யார்? ஆர்தரோட ஒரு தாய் வயிற்றுச் சகோதரி.

5/
இதை எல்லாம் வரிசையா வச்சுப் பார்த்தா ஒரு பொதுவான விஷயம் தெரியும். மந்திர ஆயுதத்தை எதிரி நேருக்கு நேர் மோதி உடைக்கிறதே இல்லை. ரகசியம் தெரிஞ்ச ஒருத்தர், இல்லன்னா நம்பிக்கையோட பக்கத்துல விட்ட ஒருத்தர், அதைக் கழட்டிக் கொடுக்குறார்.

இதை மனசுல வச்சுக்கிட்டு நிஜமான கான்சாகிபு கிட்ட வாங்க.

6/
கான்சாகிபு என்கிற யூசுப் கான். மருதநாயகம்னு சொன்னா உடனே தெரியும். இன்றைய ராமநாதபுரம் மாவட்டம் பனையூர்ல பிறந்தவர்னு சொல்றாங்க. இஸ்லாத்தைத் தழுவி, கம்பெனிப் படையில சிப்பாய்த் தலைவரா உயர்ந்தவர். ராபர்ட் கிளைவ், ஸ்ட்ரிஞ்சர் லாரன்ஸ் ரெண்டு பேர் கிட்டயும் வேலை பார்த்தவர். 1758-59ல பிரெஞ்சுக்காரர் லாலி சென்னைக் கோட்டையை முற்றுகையிட்டப்ப, வெளியில இருந்து அவரை நிம்மதியா இருக்க விடாதவர் இவர்தான்.

அப்புறம் மதுரை, திருநெல்வேலிச் சீமைகளுக்கு நிர்வாகி. நம்ம ஸ்ரீவில்லிபுத்தூர், ராஜபாளையம் பக்கமெல்லாம் அவர் படை நடந்த பாதை. கான்சாபுரம் என்கிற பேரே கான்சாகிபு பேரால வந்ததுன்னு இங்கே வழக்கு.

7/
அவரோட உண்மையான ஆயுதம் என்ன? மந்திரம் கிடையாது. அந்தக் காலத் துப்பாக்கி நூறு கஜம் தாண்டினா குறி நிக்காது. மருந்து இடிச்சு, குண்டு போட்டு, ஒரு நிமிஷத்துக்கு மூணு தடவை சுட்டாலே பெரிய விஷயம். ஒத்தை ஆள் கையில அது சும்மா இரும்புக் குழாய்.

ஆனா நூறு பேர் வரிசையா நின்னு, ஒரே உத்தரவுக்கு ஒரே நேரத்துல சுட்டா? அதுதான் அந்த நூற்றாண்டோட பிரம்மாஸ்திரம். கவாத்து, நாள் தவறாத சம்பளம், தடையில்லாம வர்ற அரிசியும் மருந்துப் பொடியும். சினிமாவுல ஒரு வீரன் கையில ஒரு வாள் மின்னும். நிஜத்துல ஆயுதம்கிறது ஒழுங்கு.

8/
அந்த ஒழுங்கை வச்சுத்தான் 1761ல பூலித்தேவரோட நெற்கட்டும்செவல், வாசுதேவநல்லூர், பனையூர் கோட்டைகளை எடுத்தார். (இந்தப் பனையூர் வேற, தென்காசிப் பக்கம்.)

பூலித்தேவருக்கு ஜனங்க என்ன கதை சொல்றாங்க தெரியுமா? பிடிச்சுக்கிட்டுப் போறப்ப சங்கரன்கோவில்ல சாமி கும்பிடணும்னு கேட்டாராம். உள்ளே போனார், விலங்கு தெறிச்சு விழுந்துச்சு, ஜோதியில கலந்துட்டார். கோயில்ல இன்னைக்கும் அவர் பேர்ல ஒரு இடம் இருக்கு.

இந்தக் கதையைக் கொஞ்சம் ஓரமா வைங்க. திரும்ப வருவோம்.

9/
1763ல கான்சாகிபுவுக்கும் ஆற்காடு நவாப் முகமது அலிக்கும் முட்டிக்கிச்சு. கம்பெனி நவாப் பக்கம். தன்னை வளர்த்த படையையே எதிர்த்து மதுரைக் கோட்டைக்குள்ள நின்னார். முதல் முற்றுகை மழையோட கலைஞ்சது. 1764ல திரும்ப வந்தாங்க. ஜூன் மாசக் கடைசியில கோட்டை மேல ஏறிப் பார்த்தாங்க, முடியலை. மேஜர் பிரஸ்டன் படுகாயமடைஞ்சு, பிறகு இறந்தார்.

அதுக்கப்புறம் கம்பெனி எடுத்த ஆயுதம்தான் உலகத்துலேயே பழசு. பசி. எல்லா வழியையும் அடைச்சுட்டுக் காத்திருந்தாங்க.

10/
மாசக் கணக்கா அடைச்சு வச்ச ஊருக்குள்ள என்ன நடக்கும்னு யாரும் எனக்குச் சொல்லித் தர வேண்டாம். முதல்ல குழந்தைங்க, வயசானவங்க. அப்புறம் வயிற்றுப்போக்கு, காய்ச்சல். காயம்பட்ட சிப்பாய்க்குப் புண் ஆறாது, ஏன்னா உடம்புல புரதம் கிடையாது. கோட்டைச் சுவர் அப்படியே நிக்கும். உள்ளே இருக்குற மனுஷங்க இடிஞ்சு போயிருப்பாங்க.

11/
1764 அக்டோபர் 13. கான்சாகிபு தொழுகையில இருந்தார். கையில ஆயுதம் இல்லாத நேரம். மூணு பேர் திட்டம் போட்டு அவரைப் பிடிக்குறாங்க. தலைப்பாகைத் துணியாலேயே கட்டிப்போடுறாங்க.

ஒருத்தர் திவான் சீனிவாச ராவ். இன்னொருத்தர் பிரெஞ்சுப் படைத் தலைவர் மார்ச்சந்த்.

மூணாவது ஆள் பாபா சாகிப். அவர் யார் தெரியுமா? கான்சாகிபுவோட வைத்தியர்.

12/
இதைப் படிச்சப்ப எனக்கு ஒரு மாதிரி ஆயிடுச்சுங்க. என் தொழில் செஞ்ச ஆள்.

வில்லன்னு சொல்லி முடிச்சிடலாம். ஆனா பட்டினி கிடக்குற ஊர்ல சாவை முதல்ல எண்ணுறவன் வைத்தியன்தான். ஒருத்தரைக் கொடுத்தா ஊர் பிழைக்கும்னு பேசத் தோதான நேரம் அது. அந்த வாதம் எனக்குப் புரியுது. ஆனா அதை ஏத்துக்க முடியலை. தன் உடம்பை நம்பி ஒப்படைச்சவனை, அந்த நம்பிக்கையை வச்சே கட்டுறதுக்கு எந்த நியாயமும் போதாது.

13/
இரண்டே நாள். அக்டோபர் 15ல மதுரைக்கு மேற்கே, கம்பெனி முகாம் பக்கத்துல தூக்கு. முறையான விசாரணை ஒண்ணும் கிடையாது. கயிறு இரண்டு தடவை அறுந்தது, மூணாவது தடவைதான் உயிர் போனதுன்னு வழிவழியா வர்ற செய்தி.

கயிறு அறுந்தது நடக்கக்கூடியதா? நடக்கும். 1826ல ரஷ்யாவுல டிசம்பரிஸ்ட் புரட்சிக்காரங்க ஐந்து பேரைத் தூக்குல போட்டப்ப மூணு பேரோட கயிறு அறுந்து கீழே விழுந்தாங்க. திரும்ப ஏத்தினாங்க. அவங்க யாரும் தாயத்து கட்டலை. கயிறு மட்டமான கயிறு, அவ்வளவுதான்.

14/
சரி, உடம்புக்குள்ள தாயத்து வைக்கிறது? அதுவும் முழுக் கற்பனை இல்லை. மலேசியா, சிங்கப்பூர், இந்தோனேசியாவுல 'சூசுக்'ன்னு ஒரு பழக்கம். தங்கத்துல மெல்லிய ஊசிகளை முகத்துலயோ உடம்புலயோ தோலுக்கு அடியில செருகிக்குவாங்க. அழகுக்காக, காப்புக்காக. பல் டாக்டர் எக்ஸ்-ரே எடுத்தப்ப பளிச்சுனு வெள்ளைக் கோடுகளா தெரிஞ்சு திகைச்ச கதைகள் மருத்துவ இதழ்கள்ல நிறைய வந்திருக்கு.

நோயாளி சாதாரணமா அதைச் சொல்ல மாட்டார். வெளிய தெரிஞ்சா பலிக்காதுன்னு நம்பிக்கை.

15/
அந்த ஊசி கயிற்றையும் தடுக்காது, குண்டையும் தடுக்காது. ஆனா நவாப் தரப்பு என்ன செஞ்சாங்கன்னு பாருங்க. தூக்குல போட்டதோட விடலை. உடம்பைத் துண்டாக்கினாங்க. தலை திருச்சிக்கு, கைகள் பாளையங்கோட்டைக்கு, கால்கள் பெரியகுளத்துக்கும் தஞ்சாவூருக்கும் போச்சுன்னு சொல்றாங்க. மிச்ச உடம்பு சம்மட்டிபுரத்துல. 1808ல அந்த இடத்துல ஒரு சின்னப் பள்ளிவாசல் கட்டினாங்க. மதுரை காளவாசல்ல இருந்து தேனி ரோட்டுல போனா இன்னைக்கும் இருக்கு.

மாயாஜாலப் படத்துல வர்ற பயம்தான் இது. ஒண்ணு சேர்ந்தா எழுந்து வந்துடுவான்! மந்திரத்தை ஜனங்க மட்டும் நம்பலை. ஜெயிச்சவனும் நம்பியிருக்கான்.

16/
இப்ப பூலித்தேவர் கதைக்கு வருவோம். கான்சாகிபுவும் பூலித்தேவரும் எதிரிங்க. ஒருத்தரை ஒருத்தர் தோற்கடிக்க வருஷக் கணக்கா சண்டை போட்டவங்க. ஆனா நம்ம பக்கத்து ஜனங்க இரண்டு பேருக்கும் கடைசிக் காட்சியில மந்திரத்தைக் கொடுத்திருக்காங்க. ஒருத்தருக்கு விலங்கு தெறிக்குது. இன்னொருத்தருக்குக் கயிறு அறுந்து விழுது.

ஜெயிச்ச கம்பெனித் தளபதிங்க யாருக்காவது இப்படி ஒரு கதை கேட்டிருக்கீங்களா? மேஜர் கேம்ப்பெல் தொடையில தாயத்துன்னு எந்தப் பாட்டியாவது சொன்னாங்களா?

17/
சினிமாவுல மந்திர ஆயுதம் ஜெயிக்கிறவனுக்கு. ஊர்க்கதையில அது தோத்தவனுக்கு. "அவனை நேர்ல நின்னு ஜெயிக்க உங்களால முடியலை"ன்னு ஜனங்க எழுதின தீர்ப்பு அது. அந்த வகையில தாயத்துக் கதையை நான் மதிக்கிறேன்.

ஆனா அந்தக் கதை ஒண்ணை மறைக்கவும் செய்யுது. கான்சாகிபுவைக் காப்பாத்திக்கிட்டு இருந்தது தொடையில இருந்த தாயத்து இல்லை. சுற்றி இருந்த மனுஷங்களோட விசுவாசம். அது உள்ளே இருந்த வரைக்கும் பீரங்கியால ஒண்ணும் முடியலை. பசி வந்து அதைக் கழட்டுச்சு. அதைக் கழட்டிக் கொடுத்த கைகள்ல ஒண்ணு நாடி பிடிச்ச கை.

18/
1997 அக்டோபர் 16ல எலிசபெத் ராணி வந்திருக்க, சென்னையில கமல் சாரோட மருதநாயகம் படத்துக்குத் தொடக்க விழா நடந்தது. தூக்கு நாளுக்கு மறுநாள் தேதி. படம் இன்னும் முடியலை. எப்பவாவது வந்தா, வாள் சண்டையைவிட அந்த வைத்தியர் வர்ற காட்சிக்காகத்தான் நான் காத்திருப்பேன்.

19/
கடைசியா நம்ம பெரியவர். தோள்ல எலும்பு நல்லாத்தான் இருந்துச்சு, சவ்வுலதான் பிரச்சினை. பயிற்சி சொல்லிக் கொடுத்தேன். தாயத்தைத் திரும்பக் கட்டிக்கிட்டே கேட்டார்.

"வைத்தியன் கிட்டயும் வக்கீல் கிட்டயும் மறைக்கக் கூடாதும்பாங்க. கான்சாகிபு மறைக்காமத்தானே சார் மாட்டுனாரு?"

சிரிச்சுக்கிட்டேதான் கேட்டார். எனக்குச் சிரிப்பு வரலை. "உங்க விஷயம் இந்த ரூமைத் தாண்டாது ஐயா"ன்னு சொன்னேன். இந்தக் கதையை எழுதவும் அவர் கிட்ட அனுமதி கேட்டுட்டுத்தான் எழுதுறேன்.

20/
டாக்டர் கிட்ட சொல்லத் தயங்குறவங்க நிறைய பேர் இருக்கீங்க. நாட்டு மருந்து சாப்பிட்டதை, குடிக்கிறதை, மாத்திரையைப் பாதியில நிறுத்தினதை. சொல்லுங்க. அதைக் காப்பாத்துறது எங்க கடமை. பாபா சாகிப் செஞ்சதுக்கு நாங்க கொடுக்குற பதில் அதுதான்.

உங்க ஊர்ல இப்படித் தோத்தவனுக்கு மந்திரம் கொடுத்த கதை இருந்தா கீழே எழுதுங்க, படிக்கக் காத்திருக்கேன்.